பெட்டியில் இரண்டு அம்மா

எங்கள் ஊரில் சீசன் என்றால் ஒன்றுதான். தீபாவளிக்கு முந்தைய நாலைந்து மாதம். சிவகாசியில் அச்சகக்காரர் மகளாகப் பிறந்த எனக்கு, தொலைக்காட்சித் தொடருக்கும் சீசன் உண்டு என்பது ஐந்தாறு வயதில்தான் தெரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வரும் அந்த நகைச்சுவைத் தொடரில் ஒரு குடும்பம். மறதிக்கார அப்பா, எதையும் அரிசிப் பானைக்குள் ஒளித்து வைக்கும் அம்மா, அண்ணன், தங்கை, ஒரு வாரம் தங்க வந்து அப்படியே தங்கிவிட்ட மாமா. முதல் சீசனில் அவர்கள் ஒண்டுக்குடித்தனத்தில் இருந்தார்கள். இரண்டாவதில் சொந்த வீடு வந்தது, அண்ணனுக்குக் குரல் உடைந்தது. மூன்றாவதில் மாமாவுக்குக் கல்யாணமாகி, சிரிப்பு கொஞ்சம் குறைந்து அழுகை கொஞ்சம் கூடியது. ஆனாலும் விடாமல் பார்த்தோம். எங்கள் அம்மா சிரித்துச் சிரித்துப் புரையேறிப்போய்ப் பார்த்த தொடர் அது.

மூன்றாவது சீசன் முடிவதற்குள் அம்மா மஞ்சள் காமாலையில் இறந்துவிட்டாள். ஒரு வருஷம் கழித்து அப்பா காரியாபட்டியிலிருந்து சித்தியைக் கட்டிக்கொண்டு வந்தார். அப்போது எனக்கு ஒன்பது வயது, தம்பிக்கு ஐந்து. அம்மா என்று கூப்பிடச் சொல்லிச் சொந்தக்காரர்கள் ஆளாளுக்கு வற்புறுத்தினார்கள். நான் சித்தி என்றுகூடக் கூப்பிடவில்லை. ஏதாவது வேண்டுமென்றால் அவள் எதிரே போய் நின்றுகொள்வேன். அவளே புரிந்துகொண்டு எடுத்துத் தருவாள். தராவிட்டாலும் நல்லதுதான், குறை சொல்ல ஒன்று கிடைக்குமே என்றிருப்பேன்.

அந்தக் கோடையில் நான்காவது சீசன் தொடங்கியது. அம்மாவாக நடித்தவர் விலகிவிட்டார். வேறொருத்தி அதே மாதிரிச் சேலை கட்டிக்கொண்டு அதே அடுப்படியில் நின்றாள். திரையின் அடியில், இனி இவருக்குப் பதில் இவர் என்று ஒரு வரி ஓடியது. அந்த வீட்டுப் பிள்ளைகள் பள்ளிக்கூடம் விட்டு வந்து, ஓர் ஆச்சரியமும் இல்லாமல், அம்மா பசிக்குது என்றார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எங்கள் அம்மா எங்கே என்று ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா? அன்றிலிருந்து அந்தப் புதியவள் வாயைத் திறந்தாலே நான் பழிப்புக் காட்டுவேன், தம்பி விழுந்து விழுந்து சிரிப்பான். சித்தி எங்களுக்குப் பின்னால் உட்கார்ந்து உளுந்தில் கல் பொறுக்கிக்கொண்டிருப்பாள்.

அப்பாவின் அச்சகத்துக்கும் அந்தத் தொடருக்கும் ஒரு தொடர்பு உண்டு. ஒரு பட்டாசுக் கம்பெனியின் கிஃப்ட் பாக்ஸில் வருஷாவருஷம் அந்தக் குடும்பத்தின் படம்தான். அப்படியே போட்டால் வம்பு என்று எங்கள் ஓவியர் ஒவ்வொருவர் மூக்கையும் அரை நூல் மாற்றிவிடுவார். பிள்ளைகளுக்கு மூக்கா முக்கியம், பார்த்ததும் கண்டுபிடித்துவிடுவார்கள். அதனாலேயே அச்சேற்றுமுன் அப்பா புரூஃப் தாளை வீட்டுக்குக் கொண்டுவந்து எங்களைக் கேட்பார். அந்த வைகாசியில் இரண்டு தாள் கொண்டுவந்தார். ஒன்றில் பழைய அம்மா, மற்றதில் புதிய அம்மா. பழையதுதான் என்று நான் அடித்துச் சொன்னேன். தம்பியின் கையையும் நானே தூக்கிப் பிடித்தேன். அப்பா சித்தியைப் பார்த்தார்.

“பழைய ஆளையே போடுங்க. அவுகளத்தான பிள்ளைகளுக்குப் பிடிச்சிருக்கு” என்றாள் சித்தி.

எனக்குப் பயந்துவிட்டாள் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆனால் ஊரிலுள்ள மற்ற பிள்ளைகள் என்னைப் போல் இல்லை. புரட்டாசிக்குள் புதிய அம்மாவுக்குப் பழகிவிட்டார்கள். முதல் லோடைப் பிரித்த விருதுநகர்க் கடைக்காரர் ஒருவர், இது போன வருஷத்துச் சரக்கா என்று பிள்ளைகள் கேட்பதாகப் போன் செய்தார். பெட்டியை மறுபடி அச்சடிக்க நேரமில்லை. புதிய அம்மாவை மட்டும் சின்னத் தாளில் அச்சடித்துப் பழைய முகத்தின்மேல் ஒட்டிவிடுவது என்று முடிவானது. அச்சகத்தில் ஆள் போதவில்லை. ஒரு சனிக்கிழமை, வெடி அடுக்காத வெறும் பெட்டிகளும் ஒரு வாளி மைதாப் பசையும் எங்கள் வீட்டுக்கே வந்து சேர்ந்தன. நான் ஒட்ட மாட்டேன் என்று முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு தள்ளி உட்கார்ந்துவிட்டேன்.

சித்தி ஒட்டியதை அடுக்கப்போன அப்பா, ஒரு பெட்டியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பழைய அம்மா அப்படியே நின்றாள். அவளுக்கும் மாமாவுக்கும் நடுவே இருந்த இடைவெளியில் புதியவள் ஒட்டப்பட்டிருந்தாள். அடுத்த பெட்டியும் அப்படித்தான், அதற்கடுத்ததும்.

“என்ன இது, ஒரு வீட்ல ரெண்டு அம்மா நிக்கிறாக?”

“மூஞ்சி மேல ஒட்ட மனசு வரலைங்க. அவுக பாட்டுக்கு இருக்கட்டுமே. பக்கத்துல எடம் கெடக்குல்ல.”

அப்பா பெட்டியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வாசலுக்குப் போய்விட்டார். கோபத்தில்தான் போகிறார் என்று எனக்கு ஒரே குஷி. காரியாபட்டிக்காரிக்கு ஒரு தாளை ஒட்டத் தெரியவில்லை. நானோ பசைக் கையோடு வளர்ந்தவள். சபதமெல்லாம் மறந்துபோய் ஒரு பெட்டியை இழுத்தேன். பழைய அம்மாவின் முகத்தின்மேல், ஓரம் பிசகாமல், புதியதை வைத்துக் கட்டைவிரலால் அழுத்தித் தேய்த்தேன்.

“இப்படித்தான் ஒட்டணும்” என்றேன். அவளிடம் நானாகப் பேசிய முதல் பேச்சு அது.

சித்தி பெட்டியை மடியில் வாங்கிக்கொண்டாள். பசை காயுமுன் அந்தத் தாளை நகத்தால் ஓரம் தூக்கி மெதுவாக உரித்தாள். அடியில் இருந்த முகத்தில் அப்பியிருந்த பசையை முந்தானையால் துடைத்தாள். நெற்றி, கண், கன்னம் என்று ஒவ்வொன்றாக, குழந்தைக்குத் துடைப்பதுபோல் துடைத்து, பெட்டியை என் பக்கம் திருப்பி வைத்தாள்.

அவ்வளவு நன்றாக ஒட்டியதைக் கெடுத்துவிட்டாளே என்றுதான் எனக்கு ஆத்திரம் வந்தது.