அடுப்பே வேண்டாத மிட்டாய்

"அடுப்பே வேணாங்க. தீப்பெட்டிகூட வேணாம். அவ்ளோ ஈஸி!"

உப்பு ஜாடியில் சாய்த்து வைத்த கைப்பேசியைப் பார்த்து ஈஸி சார் இப்படிச் சொல்கிறார் என்றால், அன்று ஞாயிற்றுக்கிழமை, அவர் குளித்து முடித்துவிட்டார் என்று அர்த்தம். இஸ்திரி போட்ட சட்டை, அதன் மேல் பூப்போட்ட ஏப்ரன், வழித்து வாரிய தலை. சமையல் மேடையில் எல்லாம் தயாராகக் காத்திருக்கும். கொட்டை எடுத்த பேரீச்சம்பழம் ஒரு கிண்ணத்தில், தோல் போன வேர்க்கடலை ஒரு டப்பாவில், தேன், கோகோ பொடி, ஒரு சிட்டிகை உப்பு, பட்டர் பேப்பர் விரித்த தட்டு. கொட்டையை எடுத்தது யார், பேப்பரை விரித்தது யார் என்று அவர் ஒருநாளும் கேட்டதில்லை. அவர் வீட்டுத் தட்டுகள் தாமாகவே நடந்து வந்து பேப்பரைப் போர்த்திக்கொள்ளும் போலிருக்கிறது.

அத்தனையையும் மிக்ஸியில் கொட்டுவார். மூடியை உள்ளங்கையால் அழுத்திக்கொண்டு, ஏதோ அறுவை சிகிச்சை நடக்கிற மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு, விட்டு விட்டு ஓட்டுவார். அரைத்ததைத் தட்டில் போட்டு அமுக்கி ஃபிரிட்ஜில் வைத்து, இறுகியதும் சதுரம் சதுரமாக வெட்டுவார். ஒரு துண்டை வாயில் போட்டு, கண்ணை மூடி, தலையை மெல்ல ஆட்டுவார். அந்த ஆட்டலோடு வீடியோ முடிந்து சொந்தக்காரர்கள் குழுவுக்குப் போய்விடும். அவர் சோபாவுக்குப் போய்விடுவார். மிக்ஸி பிளேடுக்கு அடியில் ஈஷிக்கொண்ட பேரீச்சம்பழத்தைப் பல்குச்சியால் நோண்டி நோண்டி எடுக்கும் காட்சி எந்த வீடியோவிலும் வராது. அது வீட்டம்மாவின் பகுதி.

ஈஸி சார் ஓட்டுநர் பயிற்சிப் பள்ளி ஆசிரியர். பக்கத்து சீட்டில் சாய்ந்து உட்கார்ந்து, தமக்கென்று வைத்த தனி பிரேக்கின் மேல் காலை வைத்துக்கொண்டு, "ரிலாக்ஸ்... கிளட்ச்ச மெதுவா விடுங்க... ஈஸி" என்பார். ஸ்டியரிங்கைப் பிடித்தவருக்கு முதுகெல்லாம் நனைந்திருக்கும். கார் நேராகப் போனால் அது சார் சொல்லிக்கொடுத்த லட்சணம். நடைபாதையில் ஏறினால் ஓட்டியவருக்குக் கவனம் போதாது. கற்றுக்கொள்ள வந்தவர்கள் வைத்த பெயர்தான் ஈஸி சார். அது காதுக்கு வந்தபோது மனிதர் அதைப் பாராட்டு என்றே எடுத்துக்கொண்டார். தொழில் உடம்பில் ஊறிவிட்டது. சாப்பாட்டு மேசையில் மனைவி தண்ணீர் ஊற்றும்போது டம்ளர் நிரம்பப் பார்த்தால், மேசைக்கடியில் அவர் வலது கால் பிரேக்கை மிதிக்கும். கை மட்டும் சொம்பின் பக்கம் போகாது.

வீட்டம்மா மருந்துக்கடையில் கல்லாவில் நிற்கிறவர். வாரம் பூராவும் நின்றே தேய்ந்த கால்களுக்கு ஞாயிறு ஒன்றுதான் ஓய்வு. ஈஸி சார் முதல்முதலாகச் செய்த மிட்டாய் பச்சை வாடை அடித்தது, நாக்கில் கசந்தது. காசு போட்டு வாங்கிய சாமானைக் குப்பையில் கொட்ட மனசு வராமல் அந்தத் தட்டு முழுக்க வீட்டம்மாவே தின்று தீர்த்தார். மறு ஞாயிறு, கணவர் குறட்டை விட்டுக்கொண்டிருக்கும்போதே எழுந்து, கடலையைச் சிறு தீயில் வறுத்து, ஆற வைத்து, கையால் தேய்த்து, பால்கனியில் நின்று தோலை ஊதி டப்பாவில் போட்டு வைத்தார். அன்றைக்கு மிட்டாய் வாயில் வைத்ததும் கரைந்தது.

"பாத்தியா? கைப்பக்குவம்னா இதுதாம்மா!" என்றார் ஈஸி சார்.

வீட்டம்மா சொல்ல வாயெடுத்தார். அதற்குள் அவர் கைப்பேசியில் தம் கைப்பக்குவத்தைப் பற்றி ஊருக்கெல்லாம் அறிவித்துக்கொண்டிருந்தார். சரி, என்றைக்காவது கேட்பார், அப்போது சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டார். கேட்டால்தானே! ஞாயிறு காலையில் வீடு முழுக்க வறுத்த வாசனை மிதக்கும். ஈஸி சார் படுக்கையில் புரண்டு, மூக்கை உறிஞ்சி, "பக்கத்து வீட்ல என்னமோ வறுக்கறாங்க. ஞாயித்துக்கெழமகூட மனுஷன தூங்க விடமாட்டேங்கறாங்க" என்று போர்வையை இழுத்துக்கொள்வார்.

கடையில் விற்கிற கடலையே பொன்னிறமாக, தோல் இல்லாமல், மொறுமொறுவென்று இருக்கும் என்பது அவர் நம்பிக்கை. கேட்டவர்களுக்கெல்லாம் அந்தக் கடைக்கு வழி சொல்லி அனுப்புவார். வீட்டம்மாவின் தம்பி அப்படியே போய் வாங்கி, செய்து, தின்று பார்த்துவிட்டு போன் செய்தான்.

"மாமா, என்னமோ பச்சையா இருக்கே?"

"மாப்ளே, கடைல கடலைதான் தருவான், கையத் தருவானா? எல்லார்க்கும் வராது, விடு."

அப்படி இருக்கையில் பயிற்சிப் பள்ளியின் புதுக் கிளை திறக்கிற நாள் வந்தது. உரிமம் வாங்கினவர்கள், வாங்கப் போகிறவர்கள், எந்தக் காலத்திலும் வாங்க மாட்டார்கள் என்று தோன்றுகிறவர்கள் எல்லாரையும் முதலாளி கூப்பிட்டிருந்தார். வெளியிலிருந்து இனிப்பு வாங்கலாம் என்ற பேச்சு எழுந்ததும் ஈஸி சார் பாய்ந்து, "நான் எதுக்கு இருக்கேன்? உங்க கண்ணு முன்னாலயே செஞ்சு காட்டறேன்" என்றார். அந்த வாரம் வீட்டம்மா ஊரில் இல்லை. முழங்கால் அறுவை சிகிச்சை முடிந்து படுத்திருந்த அக்காவுக்குத் துணையாகப் போயிருந்தார். விஷயம் தெரிந்து பதறிப்போய் போன் செய்தார்.

"என்னங்க, அந்தக் கடலைய..."

"எல்லாம் எனக்குத் தெரியும்மா. நீ அக்காவப் பாரு."

போனை வைத்துவிட்டார். வீட்டம்மாவால் வேறென்ன செய்ய முடியும்?

சாலைக் குறியீடுகள் மாட்டிய சுவருக்குக் கீழே மேசை போட்டு, மிக்ஸியை வைத்து, கடையிலிருந்து நேராக வந்த கடலைப் பொட்டலத்தைப் பிரித்தார் ஈஸி சார். செக்கச்செவேலென்று தோலோடு இருந்தது. 'ரகத்த மாத்திக் குடுத்துட்டான் பாவி' என்று மனசுக்குள் திட்டிக்கொண்டு, வெளியே சிரித்தபடி அரைத்தார். அரைபட்டது சுண்ணாம்பும் செம்மண்ணும் கலந்த மாதிரி ஒரு நிறத்தில் வந்தது. ஃபிரிட்ஜில் வைத்து எடுத்தும் கத்திக்கு உதிர்ந்தது. உதிர்ந்ததையே ஸ்பூனில் அள்ளி முதல் ஆளாக ஒரு நர்சம்மாவுக்குக் கொடுத்தார். ஓட்டுநர் தேர்வில் தோற்றுத் தோற்று அவரிடமே திரும்ப வந்துகொண்டிருந்தவர் அவர். மென்றார். மெல்ல மெல்ல மென்றார். விழுங்கலாமா துப்பலாமா என்று முகம் தவித்தது.

"சார், கடலைய வறுக்கலையா?"

"வறுக்கறதா? அடுப்பே வேணாங்கறதுதானம்மா இதுல விஷயமே!"

"வறுக்காம எப்படி சார்? பச்ச நாத்தம் அடிக்குதே."

"எங்க வீட்ல வறுக்கறதே கெடையாது. சந்தேகமா? நீங்களே கேளுங்க." வீறாப்பாக மனைவிக்கு போன் போட்டு, எல்லாரும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரையும் தட்டிவிட்டார். சனியனை இப்படியும் ஒரு மனிதன் வெற்றிலை பாக்கு வைத்து அழைப்பானா!

"ஏம்மா, நாம கடலைய வறுக்கறோமா என்ன?"

கூட்டம் கேட்டுக்கொண்டிருப்பது அந்த அம்மாவுக்குத் தெரியாது.

"நாம வறுக்கலைங்க. நான் வறுக்கறேன். நீங்க தூங்கிட்டு இருப்பீங்க."

"அப்ப... காலைல வர்ற அந்த வாசன?"

"நம்ம வீட்டுதுதாங்க."

கூடம் அதிர்ந்தது. முதலாளி நாற்காலியைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஈஸி சார் முகத்தில் ஈயாடவில்லை. மேசைக்கடியில் வலது கால் மட்டும் இல்லாத பிரேக்கை மிதி மிதியென்று மிதித்தது. நர்சம்மா வாயைத் துடைத்துக்கொண்டு, "ரிலாக்ஸ் சார்" என்றார்.

போனில் சிரிப்புச் சத்தம் கேட்டபோதுதான் வீட்டம்மாவுக்கு விஷயமே புரிந்தது. ஐயோ பாவம் என்றிருந்தது. அதோடு, பொய் சொல்வானேன், நெஞ்சுக்குள் ஒரு குளிர்ச்சியும் இருந்தது.

"இனிமேயாவது உன் பேரச் சொல்லுவாரா அந்த மனுஷன்?" என்று படுக்கையிலிருந்து அக்கா கேட்டார்.

"சொல்லுவாருக்கா. ஒரே ஒரு வார்த்த. 'கடல என் வீட்டம்மா வறுத்தது'ன்னு. எனக்கு வேறென்ன வேணும்?"

வீட்டம்மா திரும்பி வந்த பிறகு அந்தப் பேச்சையே ஈஸி சார் எடுக்கவில்லை. வீட்டுக்குள் பூனை மாதிரி நடந்தார். சனிக்கிழமை ராத்திரி சாப்பிட்டுக் கை கழுவும்போது, சுவரைப் பார்த்துக்கொண்டு, "நாளைக்கு நான் எழுந்தப்புறமே கடலைய வறு. எப்படின்னு பாத்துக்கறேன்" என்றார். வீட்டம்மாவுக்கு நம்பவே முடியவில்லை. வீடியோவில் தன்னையும் காட்டப் போகிறார், அதற்குத்தான் இந்தப் பீடிகை! காலையில் நல்ல புடவை ஒன்றை எடுத்துக் கட்டினார். தலையை வாரிக்கொண்டார். அடுப்புக்கு முன்னால் நின்று, வாணலியில் கடலையைக் கொட்டி, தீயைச் சிறிதாக வைத்து, கரண்டியால் கிளறத் தொடங்கினார்.

ஈஸி சார் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு வந்தார். உப்பு ஜாடியில் கைப்பேசியைச் சாய்த்து பொத்தானை அமுக்கினார். திரையில் அவர் முகம் தெரிந்தது. ஓரத்தில் நீலத் தீயும், வாணலியும், வளையல் போட்ட ஒரு கையும் தெரிந்தன. அவர் தீயைப் பார்த்தார். மனைவியைப் பார்த்தார். தொண்டையைச் செருமினார். வீட்டம்மா கிளறுவதை மெதுவாக்கி, முகத்தைத் துடைத்துக்கொண்டு காத்திருந்தார்.

ஈஸி சார் கையை நீட்டி, உப்பு ஜாடியைக் கைப்பேசியோடு சேர்த்துக் கொஞ்சம் இடப்பக்கமாகத் தள்ளி வைத்தார். திரையில் இப்போது அவர் மட்டுமே இருந்தார்.

"அடுப்பே வேணாங்க," என்று ஆரம்பித்தார்.

வாணலியில் கடலை அப்போதுதான் லேசாகச் சூடேறியிருந்தது, நிறம்கூட மாறவில்லை. வீட்டம்மா அடுப்பை அணைத்தார். கடலையை அப்படியே, தோலோடு, டப்பாவில் கொட்டி அவர் முன்னால் நகர்த்தி வைத்தார்.