அப்பாவின் வயிறும் அம்மாவின் தூளும்

எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் எப்போதும் இரண்டு மணம் இருக்கும். ஒன்று, காய்ந்த மிளகாயும் மல்லியும் பெருஞ்சீரகமும் கருக வறுத்து அரைத்த அம்மாவின் "தூள்" மணம். தும்மல் வருவதற்குச் சற்று முன்னால் மூக்கில் ஏறி நின்றுகொண்டு வரவா, விடவா என்று கேட்குமே, அது. மற்றது, அப்பா சோற்றில் கைவைக்க முன்னர் குலுக்கிக் குடிக்கும் வெள்ளை மருந்தின் மணம். பள்ளிக்கூடச் சுண்ணக்கட்டியைப் பெப்பர்மிண்டில் ஊறவைத்ததுபோல இருக்கும். இரண்டாயிரங்களின் தொடக்கத்தில், கனடாவில், மொன்றியலின் மேற்கே டொலார்டில் இருந்த எங்கள் வீட்டில் இந்த இரண்டு மணங்களுக்கும் ஓயாத சண்டை நடந்தது.

அப்பாவுக்கு "அல்சர்", அதாவது வயிற்றுப்புண். யாழ்ப்பாணத்தில் இருந்த காலத்திலேயே ஒரு டொக்டர் பார்த்து, உறைப்பும் மனக்கவலை தரும் யோசனையும்தான் காரணம் என்று சொல்லிவிட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. அந்தக் காலத்தில் உலகத்து டொக்டர்மார் எல்லோரும் அப்படித்தான் நம்பினார்கள். அந்த ஒற்றை வாக்கியம் கடல் தாண்டி வந்து எங்கள் வீட்டின் அரசியல் சட்டமாகிவிட்டது. அடுப்பில் எப்போதும் இரண்டு சட்டி, எங்களுக்குச் சிவப்பு, அப்பாவுக்குத் தூள் போடாமல் தேங்காய்ப்பாலில் வைத்த வெள்ளை. டோர்வல் விமான நிலையத்தில் மலைபோல் பெட்டிகளைத் தூக்கிப் போட்டுவிட்டு வரும் மனிதர், மேசையில் உட்கார்ந்து பத்தியச் சாப்பாடு சாப்பிடும் பிள்ளைபெற்றவளைப்போல வெள்ளைக்கறியைப் பிசைவதைப் பார்க்க எனக்குச் சிரிப்பும் பாவமுமாக வரும்.

சட்டத்தின் இரண்டாவது பகுதி, யோசனை கூடாது என்பது, எனக்கும் அண்ணாவுக்கும் கடவுள் தந்த வரம். அண்ணா கணக்கில் கோட்டைவிட்டால், "அப்பாவுக்குச் சொல்லாதையுங்கோ, வயித்துக்குக் கூடாது" என்று அவனே அம்மாவுக்கு வைத்தியம் சொல்வான். பள்ளிக்கூட அறிக்கைகள் அம்மாவின் சேலைகளுக்கு அடியில் நிம்மதியாகத் தூங்கின. ஒரு கொள்கை நிலைத்து நிற்பதற்கு அது உண்மையாக இருக்கவேண்டும் என்பதில்லை, வீட்டில் நாலு பேருக்கு உதவியாக இருந்தால் போதும் என்று நான் படித்தது அப்போதுதான்.

உதவி இல்லாமற்போனது அம்மாவுக்கு மட்டும். அப்பாவின் அக்கா, எங்கள் மாமி, ஆற்றுக்கு அந்தப் பக்கம் புரோசார்ட்டில் இருந்தார். ஒவ்வொரு ஞாயிறும் மாதா கோயில் பூசை முடிந்ததும், பாலம் தாண்டி, ஐஸ்கிரீம் பெட்டியில் தம்பிக்கென்று தன் கையால் சமைத்த வெள்ளைக்கறியோடு வந்து இறங்குவார். வந்ததும் அப்பாவின் கன்னத்தைத் தடவி, "என்ர தம்பியை நான்தானே வளர்த்தனான். பல்லு முளைக்க முன்னம் முறுக்கை நான் சப்பிச் சப்பியெல்லே ஊட்டினனான். அப்ப அவன்ர வயித்துக்கு ஒரு குறையுமில்லை" என்பார். சொல்லிவிட்டு அம்மாவின் தூள் போத்தலைப் பார்ப்பார். மிச்சத்தைக் கோயில் மண்டபத்தில் மற்றப் பெண்களிடம் சொல்வார்: "கலியாணத்துக்குப் பிறகுதான் அவனுக்கு எரியத் தொடங்கினது." அந்தப் பெண்களே பிறகு இரகசியமாக வந்து அம்மாவிடம் தூள் வாங்கிப்போனார்கள் என்பது வேறு கதை. அம்மாவுக்கு அந்தத் தூள் பெருமை. அதுவே அவர் மேல் குற்றச்சாட்டும் ஆனதை அவரால் தாங்க முடியவில்லை.

வெள்ளைக்கறி சாப்பிட்டும் அப்பாவுக்கு எரிந்தது. நியாயப்படி அங்கேயே கொள்கை விழுந்திருக்க வேண்டும். ஆனால் மாமி விடுவாரா? "ஒரே அகப்பையை ரெண்டு சட்டிக்கையும் விட்டிருப்பீர்" என்றார். அம்மா வேறு அகப்பை வாங்கி, பிடியில் வெள்ளை நூல் கட்டினார். பிறகும் எரிந்தது. "வறுக்கிற புகையும் உள்ளுக்குத்தானே போகும்" என்றார் மாமி. வறுப்பு கராஜுக்குப் போனது. தை மாதக் குளிரில் கராஜ் கதவைப் பாதி திறந்துவைத்து, பனிச்சப்பாத்தும் கோட்டும் தொப்பியுமாக அம்மா மிளகாய் வறுப்பார். வெளியே நாய் கூட்டிப்போகும் அயலவர் தும்மிக்கொண்டே "போன்ஜூர்" சொல்லுவார். அப்போதும் எரிந்தது. கொள்கையை நம்புகிறவர்கள் கொள்கையைச் சந்தேகிப்பதில்லை, அகப்பையைத்தான் சந்தேகிப்பார்கள்.

ஒரு வசந்தகாலத்தில் அப்பா வேலையிடத்தில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு குந்திவிட்டார். கிளினிக்கில் இருந்த இளம் டொக்டர், எதையோ குடிக்கக் கொடுத்து, ஒரு பைக்குள் ஊதச் சொன்னார். "ஊதிப் பாக்கிறதோ? நான் என்ன வெறியிலயோ கார் ஓடினனான்?" என்று அப்பா வழியெல்லாம் முறுமுறுத்தார். முடிவு கேட்கப் போனபோது, பிரெஞ்சு தெரிந்த ஆள் என்று என்னையும் கூட்டிப்போனார்கள். அப்பாவின் வயிற்றில் ஒரு கிருமி இருக்கிறது, இரண்டு கிழமை குளிசை போட்டால் போய்விடும் என்றார் டொக்டர். அதுவரை கைப்பையைப் பிடித்துக்கொண்டிருந்த அம்மா என் பக்கம் திரும்பினார்.

"உறைப்பாலயோ வந்தது எண்டு கேள்."

கேட்டேன். இல்லை என்றார் டொக்டர். உறைப்பு எரிச்சலைக் கூட்டலாம், புண்ணை உண்டாக்காது. இந்தக் கிருமி பெரும்பாலும் சின்ன வயதில், வீட்டுக்குள்ளேயே, வாயிலிருந்து வாய்க்குத் தொற்றும் என்றார். நான் சொல்லி முடித்ததும், "சின்ன வயசிலயோ? வடிவாக் கேட்டனியோ?" என்றார் அம்மா. மறுபடி கேட்டேன். அதே பதில்.

காரில் ஏறியதும் அம்மா அழுதார். சத்தமில்லாமல், முந்தானையால் மூக்கைத் துடைத்துத் துடைத்து, வெகுநேரம் அழுதார். அப்பா காரைக் கிளப்பிவிட்டு, "எனக்கு அப்பவே ஒரு சந்தேகம்தான்" என்றார். "ஓம், அந்தச் சந்தேகத்திலதானே இவ்வளவு காலமும் வெள்ளைக்கறி திண்டனீங்கள்" என்று அழுகைக்குள்ளிருந்தே அம்மா சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை மாமி வந்தார். "கிருமியோ? அது தூளுக்குள்ளதான் இருந்திருக்கும்" என்றார். எங்கோ ஒரு டொக்டர் அந்தக் கிருமியைத் தானே குடித்து, தனக்கே வயிற்று வருத்தம் வரவைத்துக் காட்டித்தான் உலகத்தை நம்பவைத்தாராம் என்று அண்ணா இன்டர்நெட்டில் பார்த்ததைச் சொன்னான். மாமி அசையவில்லை. "அந்த மனுசனுக்குப் பெண்சாதி என்ன சமைச்சுக் குடுத்தவ எண்டு ஆரேன் கேட்டவையோ?"

குளிசை முடிந்து சில கிழமைகளில் எரிவு நின்றது. அம்மா நண்டுக்கறி வைத்தார், சிவக்கச் சிவக்க. அப்பா வேர்த்து, விக்கி, கண்ணீர்விட்டு, மூன்றாந்தரமும் சோறு கேட்டார். "நான் மடு மாதாவுக்கு நேர்ந்தது வீண்போகேல்லை" என்றார் மாமி, நண்டுக்காலைக் கடித்தபடி. அந்த மாதமே அண்ணாவின் கணக்குப் புள்ளிகள் சேலைக்கடியிலிருந்து வெளியே வந்தன. வயிறு சுகமான அப்பாவின் சத்தம் பக்கத்து வீட்டுக்கும் கேட்டது.

மாமி சப்பி ஊட்டிய முறுக்கைப் பற்றி அம்மா ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஏன் என்று நான் துள்ளியபோது, "நேற்று தூள் எண்டினம், இண்டைக்குக் கிருமி எண்டினம். நாளைக்கு வேறை ஏதும் சொன்னால் ஆர் மச்சாளிட்டை மன்னிப்புக் கேக்கிறது? எனக்குச் செய்ததை நான் அவவுக்குச் செய்யமாட்டன்" என்றார். ஆனால் அம்மாவும் மனுசிதானே. மாமியின் வாய் நீளும் நாட்களில், "மச்சாள், சின்னனில இவருக்கு முறுக்கு ஊட்டின கதையை ஒருக்காச் சொல்லுங்கோவன்" என்பார். மாமி பெருமை பொங்கச் சொல்வார். அம்மா கன்னத்தில் கைவைத்து முழுவதையும் கேட்பார். அவர் முகத்தில் அப்படி ஒரு சாந்தியை நான் பூசையில்கூடக் கண்டதில்லை.

இப்போது அந்த வெள்ளை மருந்து எங்கள் வீட்டில் இல்லை. வெள்ளைக்கறிச் சட்டியில் முட்டை அவிக்கிறார்கள். நூல் கட்டிய அகப்பை எந்த வீடு மாறலில் தொலைந்ததோ தெரியாது. கராஜில் கார் நிற்கிறது. பாலம் தாண்டி வர மாமிக்கு முழங்கால் விடுவதில்லை. அம்மாதான் ஞாயிறுகளில் ஐஸ்கிரீம் பெட்டியில் சிவப்புக்கறி கொண்டுபோகிறார்.

போன கிழமை ஒரு கட்டுரை வாசித்தேன். அந்தக் கிருமி சின்ன வயதிலேயே உடம்பில் இருந்தால், வேறு சில நோய்களிலிருந்து காப்பாற்றுமோ என்று இப்போது சில ஆராய்ச்சியாளர்கள் கேட்கிறார்களாம். இன்னும் முடிவில்லையாம். உடனே அம்மாவுக்குப் போன் போட்டுச் சொன்னேன். மறுமுனையில் அம்மா கறிச்சட்டியை மூடும் சத்தம் கேட்டது.

"மாமிக்கு மட்டும் சொல்லிப்போடாதை, முறுக்குக் கதை இன்னும் நீளும்" என்றார் அம்மா.