விரசுப் பொட்டலில் பழுத்த பிச்சை முகம்மது

ஆதார் அட்டையின்படி பிச்சை முகம்மதுவுக்கு வயது நாற்பத்து நான்கு. தாடியின்படி அறுபது. அட்டையை யாரும் நம்புவதில்லை. ராஜபாளையத்தில் பெயிண்ட் கடை வைத்திருக்கும் அவருடைய சொந்த அண்ணன் ஹபீப் ரகுமானே, ஒரு கல்யாண வீட்டில் தம்பி உள்ளே வந்ததும் யோசிக்காமல் எழுந்து நாற்காலியை விட்டுக்கொடுத்தார். கொடுத்த பிறகுதான் யாருக்குக் கொடுத்தோம் என்று உறைத்தது. பிரியாணி சாப்பிடாமலே பஸ் ஏறிவிட்டார், பாவம்.

இதற்குக் காரணம் நோயும் இல்லை, கவலையும் இல்லை. மாம்பழம். கான்சாபுரத்துக்கு மேற்கே, தோப்புகளுக்கு நடுவில், புல்கூட நிற்காத ஒரு வெற்று நிலம் கிடக்கிறது. அதற்குள் போனால் பொழுது தலைதெறிக்க ஓடும். வெளியே ஒரு காலைப்பொழுது என்றால் உள்ளே ஒரு வாரம். கருவிகளோடு வந்து பார்த்தவர்கள் அதை ஆற்றல் புலம் என்றார்கள், காலத்தை வளைக்கிறது என்றார்கள், இளநீர் குடித்துவிட்டுப் போய்விட்டார்கள். ஊர்க்காரர்கள், பொழுது விரசாக, அதாவது வேகமாக ஓடுவதால் விரசுப் பொட்டல் என்று பெயர் வைத்து, ஆடு உள்ளே போகாமல் முள்வேலி போட்டதோடு சரி.

பிச்சை முகம்மது வத்திராயிருப்புத் தோப்புகளில் மாங்காயை மொத்தமாக வாங்கி, பொட்டலுக்குள் வைக்கோல் பரப்பிப் பழுக்க வைப்பார். காலையில் காயோடு போனால் மதியம் பழத்தோடு வருவார். ஊரெல்லாம் கார்பைடு கல் வைத்துப் பழுக்க வைத்த காலத்தில், ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டில் இவர் தள்ளுவண்டியில் மட்டும் வைக்கோல் வாசம் அடித்தது.

காயை உள்ளே வைத்துவிட்டு வெளியே உட்காரலாமே என்று கேட்காத ஆளில்லை. தினமும் புரட்டி, அழுகலைப் பொறுக்கி எடுக்காவிட்டால் கூடையே கெட்டுவிடும் என்பார். கூலிக்கு ஆள் போடலாமே என்றால், அடுத்தவன் ஆயுசை வாங்கி நான் பழம் விற்க மாட்டேன் என்பார். நியாயமான மனிதர்தான். தன் ஆயுசுக்கு மட்டும் அந்த நியாயத்தைப் பார்க்கத் தெரியாது.

அவர் மனைவி ஹாஜரா, ஒரு வாரத்து அரிசி பருப்பும் ஸ்டவ்வும் தினமும் கட்டிக் கொடுத்தாள். மதியம் அவர் ஒரு வாரமாகப் பெண்டாட்டி முகம் பாராத ஆவலோடு வாசலில் வந்து நிற்பார். அவளோ மதியத்துக்கு வைத்த குழம்பை இன்னும் இறக்கியிருக்க மாட்டாள். இப்போதுதானே போனீர்கள் என்பாள். பிறகு அவர் தலையைப் பார்ப்பாள். புதிதாக எங்கேயாவது நரைத்திருக்கும். இந்த மனுஷர் நம்மை விட்டுவிட்டு முன்னால் போய்விடுவார் என்று அவளுக்குப் பயம். அதைப் பல தடவை வாய்விட்டும் சொல்லிப் பார்த்தாள். சீசன் முடியட்டும் என்று அவர் மழுப்புவார்.

அவளுக்குக் கைகொடுத்தது நோன்புதான். ஒரு வருடம் சீசனுக்கு நடுவே நோன்பு வந்தது. விடியுமுன் ஸஹர் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு வழக்கம்போலப் பொட்டலுக்குள் போனார். வெளியே முதல் பஸ் போய் அடுத்த பஸ் வருவதற்குள் உள்ளே இரண்டு நாள் ஓடிவிட்டது. வானத்துச் சூரியன் பனைமரத்தைக்கூடத் தாண்டவில்லை. பொழுது சாயாமல் நோன்பு திறப்பதாவது என்று பிடிவாதமாகக் கிடந்தவர், கடைசியில் தவழ்ந்து வெளியே வந்தார். எந்தப் பொழுதைக் கணக்கு வைப்பது என்று பள்ளிவாசல் ஹஜரத்திடம் கேட்டார். ஹஜரத் புத்தகங்களையெல்லாம் புரட்டிப் பார்த்துவிட்டு, நோன்பு மாதத்தில் அங்கே போகாதீர் என்றார்.

அதுமுதல் அந்த ஒரு மாதம் மட்டும் புருஷனும் பெண்டாட்டியும் ஒரே வேகத்தில் கிழடானார்கள். நோன்புக் கஞ்சி கிண்டும்போது ஹாஜரா தனக்குள் சிரித்துக்கொள்வாள்.

ஆனால் நோன்பு வருடத்துக்குப் பத்து நாள் முன்னால் நகரும். மாங்காய்க்கு அந்தப் பழக்கம் கிடையாது. சித்திரை நோன்பு பங்குனிக்கு வந்து, மாசிக்கும் போய்விட்டது. இந்த வருடம் சீசன் தொடங்கும் முன்பே பெருநாள் முடிந்தது. இனி இடையில் ஓய்வு இல்லை என்று பிச்சை முகம்மது சந்தோஷமாகக் கூடைகளைக் கழுவிக் காயவைத்தார். ஹாஜரா பார்த்துக்கொண்டே இருந்தாள்.

சீசனின் முதல் நாள், அவர் வைக்கோலைப் பரப்பிவிட்டு நிமிர்ந்தால், முள்வேலியைத் தாண்டி வந்து, அவர் அங்கே படுக்கப் போட்டிருந்த கயிற்றுக் கட்டிலில் ஹாஜரா உட்கார்ந்திருக்கிறாள். ஒரு காயைத் தொடவில்லை. சும்மா உட்கார்ந்திருந்தாள். கெஞ்சினார், அதட்டினார். அவள் அசையவில்லை.

"ஏட்டி, இங்க இருந்தா ஒனக்கும் வயசு ஏறும். எந்திரிச்சுப் போ."

"ஏறட்டும். நீங்க மௌத்தான பொறவு அம்புட்டு வருசத்தையும் ஒத்தையில நான் என்ன செய்ய? இங்கனயே கழிச்சிட்டுப் போறேன்."

அவர் குனிந்து காயைப் புரட்டினார். இரண்டு தூக்கம் தூங்கி எழுந்தார்கள். காய்கள் லேசாக மஞ்சள் தட்டின. முழுதாகப் பழுக்க இன்னும் நாலைந்து நாள் வேண்டும். அந்த நாட்களும் ஹாஜராவின் ஆயுசிலிருந்துதான் போகும் என்று நினைத்ததும் காயைப் புரட்டுவதை விட்டார். அவ்வளவையும் கூடையில் வாரிக்கொண்டு, அவளையும் கூட்டிக்கொண்டு வெளியே வந்தார்.

அன்று பஸ் ஸ்டாண்டில் அவர் பழம் புளித்தது. வாடிக்கையாக வாங்கும் சுந்தரபாண்டியத்து வாத்தியார் ஒரு துண்டை வாயில் போட்டு, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, என்ன ஆயிற்று என்று கேட்டார். என் வீட்டுக்காரி உள்ளே வந்து உட்கார்ந்துவிட்டாள் சார் என்றார் பிச்சை முகம்மது. வாத்தியாருக்கு ஒன்றும் விளங்கவில்லை.

மிச்சத்தை வீட்டு உள்ளறையில் வைக்கோலுக்குள் போட்டு மூடினார். இது பழுக்க ரொம்ப நாளாகும் என்று ஹாஜராவிடம் குறைப்பட்டுக்கொண்டார்.

"ஆவட்டும்" என்றாள் அவள்.