மாட்டிட்டைக் கேளும்

மார்க்ஸ் டோர்மோய் தெருவில் உள்ள எங்கள் வீட்டில், பக்கவாதத்தில் பேச்சிழந்து கிடக்கும் அம்மாவுக்கு அந்தப் பழைய ஊமைப்படத்தைப் போட்டேன். படத்தின் பியானோ இசை தொடங்கியதுமே எனக்கு மீண்டும் எட்டு வயது. அன்று இதே அறையில், பொரித்த மிளகாய் மணத்துக்குள், படத்துக்கு அப்பாவும் அம்மாவும்தான் குரல். பண்ணைப் பொடியன் தொப்பியைக் கசக்கியபடி மாட்டோடு நிற்கும் பெண்ணை வேலிக்கு மேலால் எட்டிப் பார்ப்பான்.

“பிள்ளை, என்னைக் கட்டுவீரோ?” என்பார் அப்பா.

“முதல்ல மாட்டிட்டைக் கேளும்!” என்பார் அம்மா.

மாடு அவனை இடித்துச் சேற்றில் தள்ளும். நாங்கள் சிரித்துக் களைத்த பிறகு, திரையில் பெண் தலையாட்டும்போதுதான் அம்மா “ஓ...ம்” என்று இழுப்பார்.

இன்றும் அப்பா கேட்டார். மாடு இடித்தது. பெண் தலையாட்டினாள். அறையில் பியானோ மட்டும் ஒலித்தது.

“மாடு இடிக்கேக்கை கொம்மா சிரிச்சவ, கண்டனியோ? திருப்பிப் போடு மோனை.”

அம்மா சுவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

“ஓம் அப்பா, கண்டனான்,” என்று திருப்பிப் போட்டேன்.