முதல் கூப்பாட்டுக்குத் திரும்பாதவள்

பாட்டு மங்கத் தொடங்கியதும் விவீன் கரி அடுப்பிலிருந்து கையை எடுத்து, ஒலிபெருக்கியின் குமிழைக் கடைசிவரை திருகிவிட்டு, அதன்மேல் காதை ஒட்டிக்கொள்வாள். கிடாருக்குப் பின்னால் ஒரு ஆண்குரல் பெயர்களை அழைத்தபடியே தேய்ந்துபோகும். கண்ணை மூடிக்கொண்டு அந்தக் குரலின் பின்னாலேயே போகப் பார்ப்பாள். அதற்குள் அடுத்த பாட்டு முழுச் சத்தத்தில் இடியாக இறங்கும். பீர் சிந்தும். யாராவது ஒருவர் அவளுடைய வம்சத்தையே திட்டுவார். காங்கோவின் தலைநகர் கின்ஷாசாவில், பாண்டல் பேட்டையில் அவள் கடைக்குப் பழகியவர்கள், அந்தப் பாட்டு முடியப்போகிறது என்றால் கோப்பையைக் கையில் தூக்கிப் பிடித்துக்கொள்வார்கள்.

கடை என்பது ஒரு மாமரமும் அதன் நிழல் எட்டுகிற வரைக்கும் போட்ட பிளாஸ்டிக் மேசைகளும்தான். கெளுத்தி மீனை மிளகாயும் வெங்காயமும் தடவி, இலையில் சுற்றி, நாரால் கட்டிக் கரியில் சுட்டுத் தருவாள். புருவத்தை மழித்துவிட்டு மைப் பென்சிலால் வரைந்துகொள்கிறவள். புகையும் வியர்வையும் சேர்ந்து மதியத்துக்குள் ஒரு புருவத்தைத் தின்றுவிடும். அதனால் சாயங்காலம் வருகிறவர்களுக்கு, ஒற்றைப் புருவத்தோடு எதையோ நம்பாதவள் மாதிரியேதான் அவள் தெரிவாள்.

முதல் கூப்பாட்டுக்குத் திரும்பவே மாட்டாள். "விவீன்!" என்றால் மீனைப் புரட்டுவாள். இன்னொரு முறை கூப்பிட்டால் கரியை ஊதுவாள். அதற்கும் மேலே கூப்பிட்டால்தான், "என்னய்யா, எம்பேரை ஏலத்துல விடுறியா?" என்று தலை மட்டும் திரும்பும். கேட்டால் அதற்கு நியாயம் வைத்திருக்கிறாள். "முதல் கூப்பாட்டுக்கே திரும்புறவ மீனைப் பாதி விலைக்கு வித்துட்டுப் போவா. மனுசனுக்குக் கொஞ்சம் தொண்டை காயணும்."

பக்கத்தில் மரவள்ளி மாவை இலையில் கட்டி அவித்து விற்கும் ன்சூசி, தொண்டை காயும்வரை காத்திருக்கிற ரகமில்லை. இருவரும் ஒரே தெருவில் சமைந்தவர்கள். "ஏண்டி, உன் ஆளு இன்னிக்காவது பொட்டிய விட்டு வெளிய வந்தானா?"

"வருவான். நீ உன் மாவைப் பாரு, புளிச்சு வழியுது."

ஒலிபெருக்கிப் பெட்டிக்குள் இருப்பதாகச் சொல்லப்படுகிறவன் லுக்கோக்கி. இளவட்டங்கள் கூட்டம் கூட்டமாக எல்லை தாண்டி, அங்கோலாவின் லுண்டா ஆறுகளில் வைரம் தோண்டப் போன காலத்தில் அவனும் போனான். விவீனின் நல்ல துணிகளை விற்றுத்தான் வழிச்செலவு. ஒரே ஒரு முறை திரும்பி வந்தான். வரும்போது காலில் முதலைத்தோல் ஷூ. தெருப்பிள்ளைகள் அதைத் தொட்டுப் பார்க்க வரிசையில் நின்றார்கள். கொஞ்ச நாளில் மறுபடியும் லாரி ஏறினான். ஏறும்போது காலில் ரப்பர் செருப்பு.

ஷூ, பாடகர் ழானோ லுவாங்கோவிடம் போயிருந்தது. அந்த ஊர்ப் பாட்டுகளில் பின்பாதியில் கிடார் வேகம் எடுத்ததும் பாடகர் பெயர்களைக் கூவுவார். கொடுத்தவர்களின் பெயர்கள். வியாபாரி கார் கொடுப்பான், கர்னல் பாதுகாப்புக் கொடுப்பார், இல்லாதவன் ஆட்டையாவது இழுத்துக்கொண்டு போவான். பெயர் ஒரு தடவை பாட்டில் ஏறிவிட்டால் ஆள் செத்தாலும் சாராயக் கடைகளில் வாழ்வான். லாரியின் பின்பலகையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டே லுக்கோக்கி சொன்னது இவ்வளவுதான்: "ழானோவோட புதுப்பாட்டு வரட்டும். கடைசிவரைக்கும் கேளு."

பாட்டு வந்தது. ஊரே ஆடியது. வியாபாரி, கர்னல், விமானக் கம்பெனி முதலாளி என்று மூன்று பெயர்கள் வந்தன. அதோடு சத்தம் மங்கி நின்றுவிட்டது. பாட்டு நீளம், ஒலிநாடாவில் இடமில்லை, அதனால் வாலை வெட்டிவிட்டார்கள் என்றார்கள். லுண்டாக்காரன் வாக்கு நீர்மேல் எழுத்து என்றும் சொன்னார்கள். லுக்கோக்கியிடமிருந்து ஆளும் வரவில்லை, சேதியும் வரவில்லை.

"ஆம்பளைன்னா பொய் சொல்வான். லுக்கோக்கி மூச்சு விடறப்பகூடச் சொல்வான். ஆனா இதுல சொல்லல. ஷூ அவனுது, பேரும் அவனுதாத்தான் இருக்கும்" என்பாள். லெம்பா பேட்டையில் கூரை போட்ட, குழாய்த் தண்ணீர் வருகிற கடை ஒன்று தேடி வந்தபோது வேண்டாம் என்றுவிட்டாள். லாரியிலிருந்து இறங்குகிறவனுக்கு மாமரம்தான் அடையாளமாம். அவளே எந்த லாரியிலும் ஏறியதில்லை. ஆனால் தெற்கிலிருந்து வந்த லாரிக்காரன் யாராவது சாப்பிட உட்கார்ந்தால் எந்தப் பாலம் உடைந்திருக்கிறது, எந்தச் சேற்றில் வண்டி எத்தனை நாள் நின்றது என்று கிண்டிக் கிண்டிக் கேட்பாள். அவனுக்கு மீனின் நடுத்துண்டு போகும்.

ஒரே ஒரு தடவை, மழையில் ஆளில்லாத ஒரு மதியத்தில், ன்சூசியிடம் வேறு மாதிரி பேசினாள். "பாட்டுல பேரு இல்லன்னு தெரிஞ்சுபோச்சுன்னு வையி. அவன் சொன்ன மத்ததையெல்லாம் நான் எங்க கொண்டுபோய் வைக்கிறது?"

போன மழைக்காலத்தில் அந்த இசைத்தொகுப்பு வந்து சேர்ந்தது. ழானோ இறந்த பிறகு பிரஸ்ஸல்ஸில் யாரோ அவருடைய பாட்டுகளைத் திரட்டி இரண்டு தட்டுகளாகப் போட்டிருந்தார்கள். ஒன்றில் ஊரறிந்த வெற்றிப் பாடல்கள். மற்றதில் அபூர்வங்கள்: ஒத்திகைகள், பீர் விளம்பரம், வெளிவராமல் கிடந்தவை, கூடவே அந்தப் பாட்டு, வெட்டாமல் முழுதாக. விமான நிலையத்தில் சரக்கு இறக்கும் பொஸ்கோ, பிரஸ்ஸல்ஸில் இருக்கும் தம்பி மூலம் வரவழைத்துக் கொண்டுவந்தான்.

"அக்கா, உங்க வழக்குக்கு இன்னிக்குத் தீர்ப்பு."

விவீன் கையைத் துடைத்துக்கொண்டு அட்டையை வாங்கினாள். அட்டைப் படத்தில் ழானோ கம்பளிக் கோட்டில் சிரித்துக்கொண்டிருந்தார். அவள் முகத்தைப் பார்க்கவே இல்லை, கால்களைப் பார்த்தாள். முதலைத்தோல். "பாத்துக்கங்க. குதிகால்ல பாருங்க, நான் பூசுன மெழுகு" என்றாள், படத்தில் குதிகால் தெரியாவிட்டாலும்.

"அப்ப பாட்டைப் போடலாமா?"

"முதல்ல ஊரறிஞ்சதைப் போடு. என்ன அவசரம்?"

வெற்றிப் பாடல்கள் முழுதும் ஓடின. மேசைகளில் ஆட்டம். விவீன் தேவைக்கு மேல் மீனைக் கட்டிக்கொண்டிருந்தாள். நடுவில் மின்சாரம் போய் வந்தது. போனபோது அவள் முகத்தில் ஒரு நிம்மதி வந்ததை ன்சூசி பார்த்துவிட்டாள்.

"பயமாடி?"

"புகைடி. போடச் சொல்லு."

இரண்டாவது தட்டு சுழன்றது. பாட்டு வழக்கமாக மங்கும் இடம் வந்ததும் எல்லோரும் கோப்பையைத் தூக்கிக்கொண்டார்கள். மங்கவில்லை. விவீன் பெட்டியில் காதை வைத்திருந்தாள். வியாபாரி, கர்னல், விமானக்காரர். பிறகு யாரும் கேட்டிராத பெயர்கள்: ஒரு கசாப்புக்காரர், ஒரு கால்பந்துக் குழு, தன் பேர் ஏறியது தெரிந்தால் பாவமன்னிப்புக்கு ஓடியிருக்கக்கூடிய ஒரு பாதிரியார். ஒவ்வொன்றுக்கும் பொஸ்கோ மேசையைத் தட்டினான். பிறகு பெயர்கள் நின்று வெறும் கிடார் மட்டும் ஓடியது. முரசும் ஓய்ந்து வந்தது. பொஸ்கோ தட்டுவதை நிறுத்தினான். யாரும் அவள் பக்கம் பார்க்கவில்லை.

விவீன் காதை எடுத்தாள். கன்னத்தில் பெட்டியின் வலைக்கம்பி பதிந்திருந்தது.

"சரி, விடுங்க. மீனு கருகுது" என்று முதுகைக் காட்டிக் கரியின் முன் உட்கார்ந்தாள். ன்சூசி எழுந்து வந்து பக்கத்தில் நின்றாள்.

கிடாரின் கடைசிச் சுற்றில், எல்லாம் முடிந்து கிளம்புகிறவன் வாசலிலிருந்து ஞாபகம் வந்து கூப்பிடுவதுபோல, ழானோவின் குரல் கூவியது.

"விவீன்! பாண்டலின் மாமரத்தடி விவீன்!"

அவள் சட்டென்று திரும்பினாள். "இதோ, வந்துட்டேன்" என்று எழுந்து, இடுப்புத் துணியில் கையைத் துடைத்துக்கொண்டாள்.