பயமுறுத்தத் தெரியாத சிவகணேஷ்

சேரன்மகாதேவி சிவகணேஷ் அதுவரை எடுத்த பேய்ப்படங்கள் மூன்று. மூன்றுக்கும் ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். ஒன்றில் பேயின் சவுரிமுடி வாழைமட்டையில் மாட்டிக்கொண்டது. இன்னொன்றில் பேய் கொட்டாவி விட்டது. பிழைப்புக்குக் கல்யாண வீடியோ, உயிருக்குப் பேய் என்று ஓடிக்கொண்டிருந்த மனிதர். லைட் கட்ட ஆளில்லாமல் அவர் மனைவி ராஜராஜேஸ்வரியே ஒருநாள் புளியமரத்தில் ஏறினாள். "பேய்க்கு வாக்கப்பட்டா ஏறித்தான ஆகணும்," என்றாள். பழமொழியை இத்தனை சுத்தமாக வாழ்ந்து காட்டியவர்கள் குறைவு.

நாலாவது படத்துக்கு அவளே ஒரு கெடு வைத்தாள். "இதுக்கும் சிரிச்சாவன்னா கேமராவ வித்துருங்க. எங்க அண்ணன் கடையில போயி உக்காருங்க." அண்ணனுக்கு வண்ணார்பேட்டையில் பெயின்ட் கடை. சிவகணேஷ் சரி என்றார். சொல்லிவிட்டாரே தவிர, அன்று அவருக்குச் சோறு இறங்கவில்லை.

பேயாக நடித்தவள் கோமு. ஜவுளிக்கடையில் சேலை மடிக்கிற பெண். விடுமுறை நாளில் வந்து பேயாகிவிட்டுப் போவாள். கடைசிக் காட்சி மணிமுத்தாறு பக்கம் ஒரு வீட்டில். பூசாரி விபூதி போட்டதும், பேய் வீட்டாரைப் பார்த்து "போறேன்" என்று சொல்லி மறைய வேண்டும். கோமு "போயிட்டு வாரேன்" என்றாள். மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அதேதான் வந்தது. வெளிச்சம் போய்விட்டதால், டப்பிங்கில் திருத்திக்கொள்ளலாம் என்று விட்டார்.

டப்பிங்கில் அவள் மாட்டவே மாட்டேன் என்றுவிட்டாள்.

"ஒரு வீட்ல நின்னுக்கிட்டு போறேன்னு எப்படிச் சொல்ல அண்ணாச்சி? வெளங்குமா?"

"ஏம்மா, நீ பேயி! ஒரேயடியாப் போவுத பேயி. காப்பி குடிச்சிட்டுப் போற விருந்தாளியா?"

"பேயே சொன்னாலும் வாய் என் வாய்லா!"

வேறு குரல் தேட நேரமில்லை. படம் கெட்டது என்று முடிவுகட்டி, அப்படியே விட்டார்.

டவுன் தியேட்டரில் பகல் காட்சி. கதவோரம் நின்றார் சிவகணேஷ். வழக்கம்போல் சிரித்தார்கள். இடைவேளையில் ராஜராஜேஸ்வரி அவர் முகத்தைப் பார்க்கவே இல்லை. கடைசியில் விபூதி பறந்தது, வீட்டார் கும்பிட்டு நின்றார்கள். பேய் ஒவ்வொருவராகப் பார்த்து, பைய, "போயிட்டு வாரேன்" என்றது.

சிரிப்பு அப்படியே நின்றது. "ஆத்தாடி, திரும்ப வருவாளாம்லா!" என்று ஒரு பெண் கத்தினாள். விளக்கைப் போட்டும் கொஞ்ச நேரம் யாரும் எழுந்திருக்கவில்லை. ராஜராஜேஸ்வரி வந்து அவர் கையைப் பிடித்தாள். அவள் கை சில்லிட்டிருந்தது.

"பெயின்ட் கடைக்குப் போவ வேண்டாம்," என்றாள்.

சிவகணேஷுக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷம்தான், ஆனால் அது மட்டுமில்லை.

கடையில் லீவு கிடைக்காத கோமு, கூட்டம் கலைந்த பிறகுதான் ஓடிவந்தாள்.

"பயந்தாவளா அண்ணாச்சி?"

"பயந்துட்டாவம்மா."

"எந்த எடத்துல?"

"நான் வேண்டாம்னு சொன்ன எடத்துல," என்றார்.