கவிதைக்கு எழுபத்தைந்து சதவீதம்

கவிதையைப் படிக்கிறவருக்குச் சந்தோஷம். அதை நடத்திப் பிழைக்கிறவருக்குச் சனிக்கிழமை போச்சு. சாக்பீஸ் தூசியில் தலை நரைத்த சக வாத்தியார்களே, என் கஷ்டம் உங்களுக்குப் புரியும். எழுபதுகளின் தொடக்கத்தில் மான்ட்ரியல் டவுன்டவுனில் ஒரு கல்லூரியில், வேலைக்குப் போகிறவர்களுக்கான சனிக்கிழமை காலை வகுப்பில், நூறு வருஷத்துக்கு முந்தைய அமெரிக்கப் பெண் கவிஞர் ஒருவரை நடத்தினேன். பெயரைச் சொன்னால் நோட்ஸ் கேட்பீர்கள், வேண்டாம்.

நோட்ஸ்

சென்னையில் நான் படித்த முறை, வாத்தியார் சொல்லச் சொல்ல எழுதுவது. இங்கேயும் அதையே செய்தேன். திருமணம் இல்லை, அச்சேறிய கவிதைகள் விரல்விட்டு எண்ணலாம், பிற்காலத்தில் வீட்டைவிட்டு வெளியே வரவில்லை, காரணம் காதல் தோல்வி. என் வாத்தியார் சொன்ன காரணம் அது. அவருக்கு அவருடைய வாத்தியார் சொல்லியிருப்பார்.

எல்லோரும் எழுதிக்கொண்டார்கள், டெனிஸ் தவிர. புறநகரான புவாண்ட்-கிளேரிலிருந்து வரும் நாற்பது வயதுப் பெண்மணி அவர். இந்த ஒரு பாடம் தேறினால் பட்டம், பட்டம் வந்தால் பள்ளிக்கூடத்தில் வேலை. கவிஞரின் தாயார் பல வருஷம் நோயில் கிடந்ததாகப் பாடப் புத்தகத்தின் முன்னுரையில் இருப்பதைக் காட்டிவிட்டு, நிதானமாகச் சொன்னார்: "படுத்த படுக்கையாக ஒரு அம்மா இருந்தால், வீட்டிலேயே இருக்கக் காதல் தோல்வி தேவையில்லை, புரொஃபசர்."

ரொட்டி

கவிஞர் வீட்டுக்கு ரொட்டி சுட்டுக்கொண்டே துண்டுக் காகிதங்களில் கவிதை எழுதியதைச் சொல்லி நெகிழ்ந்துபோனேன். ஜான்-டலோன் சந்தைப் பக்கம் ரொட்டிக்கடை வைத்திருந்த துல்லியோ கை தூக்கினார்: "கருகாமல் பார்த்துக்கொண்டாரே, அதுதான் எனக்கு ஆச்சரியம்."

ஆஜர்

ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு நானே ஒரு வருகைப் பதிவேடு தயாரித்திருந்தேன். எழுபத்தைந்து சதவீதம் இல்லையென்றால் பரீட்சை கிடையாது. ஜனவரியிலிருந்து டெனிஸ் வரவே இல்லை. பரீட்சை எழுத முடியாது என்று கடிதம் அனுப்பினேன்.

ஏன் வரவில்லை என்று ஒரு வார்த்தை கேட்டீர்களா என்றாள் என் மனைவி. கேட்கவில்லை. போன் செய்தேன். படுக்கையில் கிடக்கும் அவருடைய அம்மாவைச் சனிக்கிழமைகளில் பார்த்துக்கொண்ட பக்கத்து வீட்டுக்காரர் டொராண்டோவுக்குக் குடிபோய்விட்டாராம். டெனிஸ் அழவும் இல்லை, கெஞ்சவும் இல்லை. "உங்கள் பதிவேட்டில் பெயர் இருந்திருந்தால், அந்தக் கவிஞரும் தேறியிருக்க மாட்டார்" என்றார்.

பரீட்சை ஹால்

வெட்கத்தோடு கல்லூரியில் விதியைத் தளர்த்தச் சொல்லிக் கேட்டேன். அப்படி ஒரு விதியே அங்கே கிடையாது. சென்னையிலிருந்து நானேதான் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்திருக்கிறேன். பரீட்சையை எங்கே வைப்பது என்பதும் என் இஷ்டமாம்.

வினாத்தாளோடு பஸ் பிடித்து புவாண்ட்-கிளேர் போனேன். டெனிஸ் சமையலறை மேசையில் மூன்று மணி நேரம் எழுதினார், நன்றாகவே தேறினார். அதுவரை தாயாருக்கு நான் காவல். கிழவி என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, டாக்டரா என்று கேட்டார். இல்லை, கவிதை வாத்தியார் என்றேன். "பரவாயில்லை, இந்தத் தலையணையைச் சற்றுத் தூக்கி வை."

முப்பது வருஷம் கவிதை நடத்தியதில், ஒருவருக்கு உடனடியாகப் பலன் கிடைத்தது அந்தத் தலையணையால்தான்.